மல்டிஃபோனிக்ஸ்: 'இணைமிடறு' எனலாமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். ஆங்கில ஜாஸ் டிராம்போன் (ஒரு பித்தளை ஊதுகருவி) கலைஞர் பால் ரூதர்ஃபோர்டு பற்றிய கட்டுரை 'மல்டிஃபோனிக்ஸ்' என்ற ஒரு சொல்லில் வந்து நிற்கிறது. ஊதுகருவியில் ஒரே நேரத்தில் பல சுரங்கள் எழுப்புவதுதான் அது, அதற்குத் தமிழில் சொல் வேண்டும். அவருடைய கலையே அந்தச் சொல்லுக்குள்தான் இருக்கிறது என்பதால் அவசரப்பட்டு எதையாவது போட்டுவிட எனக்கு மனமில்லை. குழுவில் வந்த யோசனைகளை முதலில் பார்க்கிறேன்.

> பல்குரல் என்று வைக்கலாம்.

பலகுரல் என்றாலே நமக்கு மிமிக்ரிக் கலைஞர்தான் நினைவுக்கு வருவார். ரூதர்ஃபோர்டு யார் குரலையும் போலச் செய்யவில்லை.

> பல்லொலி?

மொழியியலில் த, ந முதலியவை பல்லொலிகள். அந்த இடம் ஏற்கெனவே நிரம்பிவிட்டது.

செயலைப் பார்த்துவிட்டுப் பெயர் வைப்போம். டிராம்போனில் உதட்டை அதிரவைத்து ஒரு சுரம் ஊதுகிறார்கள். அதே மூச்சில், தொண்டையால் இன்னொரு சுரம் பாடுகிறார்கள். இரண்டும் குழாய்க்குள் கலக்கும்போது, அவற்றின் அதிர்வெண்களைக் கூட்டியும் கழித்தும் வரும் சுரங்களும் கேட்கும். 120 ஹெர்ட்ஸில் ஸ ஊதி, 180இல் ப பாடினால், 60இல் கீழ் ஸ, 300இல் மேல் ஸ்தாயி அந்தர காந்தாரம். ஊதாத, பாடாத காந்தாரம் தானே வந்து சேர்ந்துகொள்கிறது! ஒற்றை ஆள் நின்று ஒரு கார்டையே (பல சுரங்கள் சேர்ந்து ஒலிக்கும் கோவை) எழுப்பிவிடுகிறார்.

இது ரூதர்ஃபோர்டு கண்டுபிடித்ததல்ல. ஜெர்மன் இசையமைப்பாளர் வெபர் ஹார்ன் என்ற ஊதுகருவிக்கு எழுதிய கான்சர்டினோவிலேயே இருக்கிறது. ஜெர்மனியின் டிராம்போன் கலைஞர் ஆல்பர்ட் மாங்கெல்ஸ்டார்ஃபும் இதில் பெரிய கை. ஆனால் மாங்கெல்ஸ்டார்ஃப் இதைக் கொண்டு இசைவான கார்டுகளைக் கட்டினார். ரூதர்ஃபோர்டிடம் அதே உத்தி முனகலாக, உறுமலாக, பாதியில் அறுந்த பேச்சாக வருகிறது. எனக்கு அவர்தான் நெருக்கம்.

1940 பிப்ரவரி 29 அன்று லண்டன் கிரீனிச்சில் பிறந்தவர். முதலில் சாக்சபோன், பிறகு டிராம்போன். விமானப்படை இசைக்குழுவில் இருந்தபோது சாக்சபோன் கலைஞர் டிரெவர் வாட்ஸ், டிரம்ஸ் கலைஞர் ஜான் ஸ்டீவன்ஸ் பழக்கமானார்கள். 1960களின் நடுவில் மூவரும் சேர்ந்து ஸ்பான்டேனியஸ் மியூசிக் என்செம்பிள் என்ற இசைக்குழுவைத் தொடங்கினார்கள். 1970இல் கிதார் கலைஞர் டெரக் பெய்லி, பாஸ் கலைஞர் பாரி கை இருவருடன் 'இஸ்க்ரா 1903' என்ற குழு. இஸ்க்ரா என்றால் தீப்பொறி, லெனின் நடத்திய இதழின் பெயர். ரூதர்ஃபோர்டு உறுதியான கம்யூனிஸ்ட், குழுவுக்குப் பெயர் வைக்கும்போதும் அதை மறைக்கவில்லை. அந்தக் குழுவில் டிரம்ஸ் கிடையாது. தாளம் பின்னால் தாங்கிப் பிடிக்காததால் மூச்சு இழுக்கும் சத்தம்கூட இசையின் பகுதியாகிவிடுகிறது.

1974இல் லண்டனில் தனியாக வாசித்துப் பதிவானவை எமனெம் நிறுவனத்தின் இசைத்தட்டாக வந்தன. துணைக்கு ஒருவரும் இல்லை. ஊதிக்கொண்டிருக்கும் சுரத்தின் அடியில் குரல் நுழைவதும், இரண்டும் உரசி அதிர்வதும், அப்புறம் எது உதடு எது தொண்டை என்று பிரிக்க முடியாமல் போவதும் அதில் துல்லியமாகக் கேட்கிறது. டிராம்போனைத் தனியாகக் கேட்பதா என்று தயங்குகிறவர்கள் இதிலிருந்தே தொடங்கலாம். 2007 ஆகஸ்டில் அவர் காலமானார்.

சரி, சொல்லுக்கு வருகிறேன். இரண்டாவது சுரம் பிறக்குமிடம் தொண்டை, அதாவது மிடறு. வாய்ப்பாட்டை மிடற்றுப்பாடல் என்று சொல்லும் வழக்கு நம்மிடம் இருக்கிறது. ஆகவே 'இணைமிடறு': கருவியோடு மிடறும் இணைந்து ஒலிப்பது. 'இணைமிடற்றில் வாசித்தார்', 'இணைமிடற்று உத்தி' என்று வாக்கியத்திலும் தடையில்லாமல் உட்காருகிறது.

சாக்சபோன், கிளாரினெட்டில் குரல் சேராமலே, விரலமைப்பையும் வாயமைப்பையும் மாற்றி ஒரே நேரத்தில் பல சுரங்கள் எழுப்புகிறார்களே என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல் என்பதற்காக நாமும் ஒன்றில் அடைக்க வேண்டியதில்லை. பொதுச்சொல்லாகப் 'பல்சுர ஊதல்' இருக்கட்டும், அதில் குரல் சேரும் வகை 'இணைமிடறு'.

பித்தளைக் கருவி வாசிப்பவர்கள் குழுவில் இருந்தால், பயிற்சியின்போது இதை நீங்கள் எப்படிச் சொல்கிறீர்கள் என்று எழுதுங்கள். புழக்கத்தில் இதைவிட நல்ல சொல் இருந்தால் என் பரிந்துரையை எடுத்துவிட்டு அதையே பட்டியலில் சேர்க்கலாம்.

அன்புடன்