கடைமடை ஊரில் ‘தண்ணீர் தண்ணீர்’ நாடகம் எடுபடுமா?

பூண்டிக்காரன்:
சித்திரைத் திருவிழாவுக்குக் கோமல் சுவாமிநாதனின் ‘தண்ணீர் தண்ணீர்’ போடலாம் என்றிருக்கிறோம். 1980இல் மேடையேறியது. கதை நடப்பதோ தெற்கே, வானம் பார்த்த அத்திப்பட்டியில். ஆற்றுப் பாசனத்துக்காரர்களுக்கு அது ஒட்டுமா என்று விழாக் குழுவில் கேட்கிறார்கள். ஊரைத் திருத்துறைப்பூண்டிப் பக்கம் மாற்றி, இன்றைய அரசியல்வாதிகளின் பெயரைச் சொல்லி நாலு நையாண்டி வசனம் சேர்த்தால் கைதட்டல் நிச்சயம் என்கிறார் தலைவர். செய்யலாமா?

பழைய அரிதாரம்:
தம்பி, கை வைக்காதீர்கள். நம் காவிரிப் பக்கம், குத்தாலத்தை ஒட்டிய கோமல் கிராமத்தைத் தன் பெயரிலேயே சுமந்தவர் எழுதியது அது. ஜூன் 12இல் மேட்டூரைத் திறந்தாலும், தண்ணீர் கடைமடைக்கு வந்து சேர்வதற்குள் நாற்றங்கால் வெடித்துவிடுகிறது. முறைவைத்துத் தண்ணீர் விடும் காலத்தில், மதகைத் திறந்து மூடும் லஸ்கரோடு மதகடியில் மல்லுக்கு நின்றவனுக்கா அத்திப்பட்டி புரியாது?

நாடகத்தின் குத்தல் யாரையும் பெயர் சொல்லித் திட்டுவதில் இல்லை. மைல் கணக்கில் போய் வண்டியில் தண்ணீர் கொண்டுவரும் ஊர், தானே கால்வாய் வெட்டத் தொடங்குகிறது. உடனே சட்டம் ஓடி வந்து ‘அனுமதி எங்கே?’ என்கிறது. மனுக்களுக்கு வராத வேகம்! சபை அங்கே சிரிக்கும். அதிகாரியாக நடிப்பவர் மட்டும் சிரிப்பு மூட்டப் பார்க்கக் கூடாது. எங்கள் குழுவில் தொந்தி கட்டிக்கொண்டு வந்த ஓர் அதிகாரி அந்தக் காட்சியையே தின்றுவிட்டார்.

சங்கு:
எம்.ஆர். ராதா அன்றாடச் செய்தியையெல்லாம் வசனத்தில் இழுத்துப் போடுவாரே! ஜனங்கள் அதற்காகவே வந்தார்கள். அவருடைய ராமாயண நாடகம் கிளப்பிய புயலில்தானே 1954இல் நாடகங்களைக் கட்டுப்படுத்தும் சட்டமே வந்தது?

பழைய அரிதாரம்:
அவர் ராதா. விழாக் குழுவில் ராதா யாராவது இருக்கிறாரா? சோ 1968இல் தன் நாடகத்தில் துக்ளக் சுல்தானை நம் காலத்துக்கு வரவழைத்துப் பிரதமர் நாற்காலியில் உட்காரவைத்தார். அந்த நாற்காலியில் இன்றும் யாரை வேண்டுமானாலும் பொருத்திப் பார்க்கலாம். நீங்கள் பெயர் சேர்த்தால் அடுத்த தேர்தலோடு வசனம் செத்தது.

பூண்டிக்காரன்:
சரி ஐயா, தலைவரைச் சமாளிக்கிறேன். மாட்டுவண்டிக்கு என்ன செய்வது? எங்கள் மேடை சின்னது.

பழைய அரிதாரம்:
ஒரு நுகத்தடியும் பீப்பாயும் போதும். மாட்டை ஏற்றினால் கைதட்டலை அதுவே வாங்கிக்கொண்டு போய்விடும்.