பேனலில் என் பேர் அவருக்கு மேலே வந்தது

பதவி உயர்வுக்கு சீனியாரிட்டியா, தகுதியா என்று எல்லாரும் எழுதியதைப் படித்ததும் எனக்கும் சொல்லத் தோன்றியது. ஈரோடு பக்கம் ஒரு தாலுகா கோர்ட்டில் ஜூனியர் அசிஸ்டென்டாகச் சேர்ந்தேன். ஃபைலிங் செக்‌ஷனில் பக்கத்து மேசையில் ஒரு அண்ணா, எனக்கு ஆறு வருஷம் சீனியர். கோர்ட் ஃபீ வில்லையில் ஓட்டை போடும் முன்னால் கட்டைவிரலால் ஒருமுறை தடவிப் பார்ப்பார். ஏற்கெனவே எங்கோ ஒட்டி உரித்ததென்றால் ஓரம் சொரசொரக்கும் என்று எனக்கும் தொட்டுக் காட்டினார். எங்கள் பக்கம் வருவதெல்லாம் கிணற்றுப் பங்கு, வண்டிப்பாதை, மஞ்சள் வியாபாரத்தில் எழுதிக் கொடுத்த புரோநோட்டு. நாலில் ஒரு பங்கு கிணறு, அதில் முறைத் தண்ணீர் எத்தனை நாள் என்று பிராதின் சொத்து விவரம் குழம்பிக் கிடந்தால் எண் போடாமல் திருப்பிவிடுவார். "இப்பிடியே விட்டா, நாளைக்கு கோர்ட் தீர்ப்பு டிக்ரிய எடுத்துட்டுப் போற அமீனா எந்த வரப்புல நிக்கறது அம்மணி?" என்பார்.

அவருக்கு ஒன்றுதான் குறை, பதவி உயர்வுக்கு வேண்டிய சிவில் ஜுடிசியல் டெஸ்ட் முடிக்கவில்லை. டிஎன்பிஎஸ்சி மே, டிசம்பர் என்று வருஷத்துக்கு இரண்டு தடவை டிபார்ட்மென்ட் டெஸ்ட் வைக்கிறது. வீட்டில் அப்பா படுத்த படுக்கை, தோட்டத்தைப் பார்க்க ஆள் இல்லை, மனுஷன் எப்போது படிப்பார்? நான் முடித்திருந்தேன். பேனல், அதாவது பதவி உயர்வுப் பட்டியல், வந்தபோது என் பேர் இருந்தது, அவர் பேர் இல்லை. அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அவர்தான் வந்து, "போ அம்மணி, உனக்கு வந்தது உனக்கு" என்றார்.

டெஸ்ட் தப்பு என்று இன்றைக்கும் நான் சொல்ல மாட்டேன். சீனியாரிட்டியும் தகுதியும் சேர்ந்த பதவி உயர்வு என்றால், வேலைக்கு வேண்டிய குறைந்தபட்சத் தகுதியைப் பார்த்துவிட்டு, அதைத் தாண்டியவர்களுக்குள் மூத்தவருக்கே கொடுக்க வேண்டும், இளையவர் கூடுதல் கெட்டிக்காரர் என்று முந்தவிடக் கூடாது. 1998இல் சிவையா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதைத்தான். டெஸ்ட் எல்லாருக்கும் ஒன்று, ரிசல்ட் கண்ணுக்குத் தெரியும். ஆனால் மூத்தவர்கள் டெஸ்ட் எழுத லீவும் கொஞ்சம் நேரமும் கொடுக்காமல், ராத்திரி ஏழு மணி வரைக்கும் கேஸ் கட்டுகளைத் தூக்க வைத்துவிட்டு "தகுதி இல்லை" என்பது அநியாயம். அடுத்த டிசம்பருக்கு அவருடைய பெண்டிங் வேலையை நாங்கள் நாலு பேர் பிரித்து எடுத்துக்கொண்டோம், அவர் பாஸ் செய்தார். ஆனால் பேனலில் எனக்குக் கீழேதான்.

* * *

அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்தேன். உங்கள் இடத்திலாவது முடிவு செய்தது டெஸ்ட். எனக்குக் குறுக்கே வந்தது ரகசியக் குறிப்பேடு, ஊழியரைப் பற்றி மேலதிகாரி எழுதி வைக்கும் குறிப்பு. நான் எல்லா டெஸ்டும் முடித்தவன், கேஸ் கட்டுகளை கோர்ட்டின் கம்ப்யூட்டர் பதிவான சிஐஎஸ்ஸில் ஏற்றியதில் பாதி என் கை. என்னோடு ஆறு மாசம்கூட வேலை பார்க்காத அதிகாரி ஒருவர் "சுமார்" என்று எழுதிவிட்டுப் போனது, பேனலில் என்னைத் தாண்டிப் போன பிறகுதான் தெரிந்தது. எந்தக் குறிப்பாக இருந்தாலும் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2008இல் தேவ் தத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அப்போதே சொல்லியிருந்தால் அப்போதே பதில் எழுதியிருப்பேன் இல்லைங்களா? சீனியாரிட்டியில் ஆயிரம் குறை இருக்கட்டும், சேர்ந்த தேதியை யாரும் திருத்த முடியாது. ஆர்டிஐ போட்டு நகல் வாங்கி, மேல்முறையீடு கொடுத்திருக்கிறேன். போன வாரம் விசாரித்தேன், ஃபைல் மேலே போயிருக்கிறது என்றார்கள்.