சித்தூர்: வீட்டுப் பட்டியலில் பெயர் இல்லை, அவசரம்

எல்லைக்காடு (ஜூன் 2022)
வீடில்லாதவர்களுக்கான அரசுத் திட்டத்தின் வீட்டுப் பட்டியல் ஒட்டிவிட்டார்கள், என் பெயர் இல்லை. எங்கள் தெருவில் நல்ல ஓட்டு வீட்டில் இருப்பவர் பெயர் வந்திருக்கிறது. மழைக்குத் தார்ப்பாய் கட்டிப் படுக்கும் எனக்கு இல்லை. வார்டு மெம்பரைக் கேட்டால் கம்ப்யூட்டர் செய்தது என்கிறார். யாரிடம் போவது? சித்தூர்ப் பக்கம். நாள் அதிகம் இல்லை, தெரிந்தவர்கள் உடனே சொல்லுங்கள்.

நகரிவாசி
முதலில் மின்சார பில்லைப் பாருங்கள். ஆறு மாதச் சராசரி 300 யூனிட்டைத் தாண்டினால் தள்ளிவிடுவார்கள். வேறொருவருடைய மீட்டர் உங்கள் ஆதாரில் ஏறியிருந்தாலும் கதை முடிந்தது. கிராம சச்சிவாலய அலுவலகத்தில் சமூகத் தணிக்கைப் பட்டியல் இருக்கும், உங்கள் தெருவுக்கான அரசு வாலண்டியரை அழைத்துக்கொண்டு போங்கள்.

பனங்காட்டான்
எந்தச் சித்தூர் என்று அவர் இன்னும் சொல்லவே இல்லையே? பாலக்காட்டுச் சித்தூரில் ஏது சச்சிவாலயமும் வாலண்டியரும்?

எல்லைக்காடு
கேரளச் சித்தூர்தான். வேறு எது?

நகரிவாசி
வேறு எது என்றா கேட்கிறீர்கள்! ஆந்திராவில் எங்கள் மாவட்டமே அந்தப் பெயரில்தான் இருக்கிறது ஐயா. எதற்கும் பில்லை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

கோப்புப்புலி
இங்கே பழைய இழைகளைப் படித்துவிட்டுக் கேள்வி கேட்கும் பழக்கம் யாருக்கும் கிடையாது. கேரள அரசின் வீட்டுத் திட்டமான லைஃப் மிஷனுக்கு 2020இல் வாங்கிய விண்ணப்பங்களின் வரைவுப் பட்டியல் இது. 9,20,260 விண்ணப்பங்களில் 5,14,381 மட்டுமே தகுதிப் பட்டியலுக்கு வந்தன, நீங்கள் ஒருவர் மட்டும் விடுபடவில்லை. பொதுவான நிபந்தனைகள் இவை: ஆண்டு வருமானம் மூன்று லட்சத்துக்குள், கிராமத்தில் நிலம் 25 சென்ட்டுக்குள், குடும்பத்தில் அரசு வேலையோ அரசு ஓய்வூதியமோ கூடாது, பிழைப்புக்கு ஓட்டுவதைத் தவிர நான்கு சக்கர வண்டி கூடாது. இதில் எது இடிக்கிறது என்று சொல்லாமல் அழுதால் யார் என்ன செய்ய முடியும்?

குடும்பஸ்ரீ அக்கா
புலி, கொஞ்சம் மெதுவாக. தம்பி, எனக்கு நான்கு விஷயம் தெரிய வேண்டும். நிலம் உங்கள் பெயரில் இருக்கிறதா? விண்ணப்பம் யார் போட்டார்கள், நீங்களா, அட்சயா இணையச் சேவை மையத்திலா? ரேஷன் கார்டில் யார் யார் பெயர் இருக்கிறது? தகுதியில்லாதவர்கள் பட்டியலையும் பார்த்தீர்களா? அதில் பெயருக்கு நேரே காரணம் எழுதியிருக்கும்.

எல்லைக்காடு
அக்கா, அட்சயாவில்தான் போட்டேன். நிலம் 4 சென்ட், என் பெயரில். காரணம் மலையாளத்தில் இருக்கிறது. பேசினால் புரியும், படிக்க வராது.

பனங்காட்டான்
இதைத்தான் காலம் காலமாகச் சொல்கிறோம். கேரளத்தின் 1969 ஆட்சிமொழிச் சட்டத்தில் இங்குள்ள தமிழர்களான நமக்குத் தமிழில் மனுக் கொடுக்க உரிமை உண்டு. அப்பீலைத் தமிழிலேயே எழுதிக் கொடுங்கள்.

கோப்புப்புலி
எழுதிவிட்டு, மொழிபெயர்ப்புக்குக் காத்திருந்து தேதியைக் கோட்டை விடுங்கள். ஜூன் 17 கடைசி. மொழிப் போரைப் பிறகு நடத்தலாம்.

குடும்பஸ்ரீ அக்கா
படம் எடுத்துப் போடுங்கள் தம்பி, உங்கள் பெயர் இருக்கும் வரி மட்டும். மற்றவர்கள் விவரம் தெரிய வேண்டாம்.

(படம் இணைக்கப்பட்டது)

குடும்பஸ்ரீ அக்கா
"ரேஷன் கார்டில் உள்ள ஒருவருக்கு வீடு உண்டு" என்று எழுதியிருக்கிறார்கள். யாருக்கு வீடு?

எல்லைக்காடு
அண்ணன் கட்டியிருக்கிறான். அவன் வேறு, நான் வேறு. அடுப்புப் பிரிந்து வருடங்கள் ஆகின்றன. கார்டு மட்டும் ஒன்றாக இருந்தது.

கோப்புப்புலி
இதை முதல் வரியில் சொல்லியிருக்கலாம். ஒரே கார்டு என்றால் ஒரே குடும்பம். அடுப்பெல்லாம் கணக்கில் வராது.

பனங்காட்டான்
இதுதான் கணினி நியாயம். கிராம சபையில் இவரை நிறுத்திக் கேட்டிருந்தால் அடுப்பு எங்கே எரிகிறது என்று வார்டே சொல்லியிருக்கும். முன்னுரிமை வரிசையைக் கிராம சபைதான் தீர்மானிக்க வேண்டும், பஞ்சாயத்துக்கூட அதை மாற்றக் கூடாது என்று கேரளப் பஞ்சாயத்துச் சட்டம் சொல்கிறது. இங்கே எல்லாம் முடிந்த பிறகு கையெழுத்துக்குத்தான் சபை கூடுகிறது.

கோப்புப்புலி
வார்டு சொல்லுமா? வாக்காளரில் பத்தில் ஒருவர் வந்தாலே கோரம், சபை செல்லும். வருவது யார்? மெம்பருக்கு வேண்டியவர்களும், தொழிலுறுதி (நூறு நாள்) வேலைக்குப் போகிறவர்களும். கணவனை இழந்தவளும் சிறுநீரக நோயாளியும் மைக்கைப் பிடித்துத் தங்கள் கஷ்டத்தைச் சொன்னால்தான் வீடா? நோய்க்கும் ஊனத்துக்கும் காகிதத்தில் முன்னுரிமை கிடைப்பது அதைவிட மானமானது.

பனங்காட்டான்
காகிதத்தில் அவர் அண்ணன் வீட்டில் சொகுசாக இருக்கிறார். காகிதத்தை நம்புங்கள்.

நகரிவாசி
எங்கள் பக்கம் இரண்டையும் பார்த்தாயிற்று. ஒன்றில் மெம்பரைக் கும்பிட வேண்டும், மற்றதில் வாலண்டியரை.

எல்லைக்காடு
அந்த ஓட்டு வீட்டுக்காரரைப் பற்றி எழுதிக் கொடுத்தால் அந்த இடம் எனக்கு வருமா?

குடும்பஸ்ரீ அக்கா
வராது. தகுதியில்லாதவர் பெயர் வந்திருந்தால் ஆட்சேபம் சொல்லலாம், அது தனி மனு. அவர் பெயரை அடித்தாலும் உங்கள் பெயர் ஏறாது. அந்த வீடு யார் பெயரில் இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியுமா? வாடகையாக இருந்தால் தெருவில் முகம் முறிந்ததுதான் மிச்சம். உங்கள் வரியை மட்டும் பாருங்கள். முதல் அப்பீல் பிளாக் பஞ்சாயத்துச் செயலாளருக்கு. தனியாகக் குடியிருப்பதற்கு என்ன காகிதம் இருக்கிறதோ எல்லாவற்றையும் சேருங்கள்: வீட்டு எண், வரி ரசீது, இருந்தால் மின் இணைப்பு. வி.இ.ஓ. (கிராம விரிவாக்க அலுவலர்) நேரில் வந்து பார்க்க வேண்டும் என்று கேட்டு எழுதுங்கள். அங்கே தள்ளினால் இரண்டாவது அப்பீல் கலெக்டரிடம். பதிவு செய்த ரசீதை வாங்காமல் நகராதீர்கள்.

எல்லைக்காடு
அப்பீல் போட்டாயிற்று, ரசீது இருக்கிறது. கார்டையும் பிரித்துவிட்டேன். எல்லாருக்கும் நன்றி.

கோப்புப்புலி
இப்போது பிரித்தாரா, முன்பே பிரித்தாரா? 2020 ஜூலை 1க்கு முன் தனிக் கார்டு இருந்த குடும்பங்களைத்தான் எடுப்பார்கள். பாதி சொல்லிவிட்டு ஓடிவிடுகிறார்கள்.

குடும்பஸ்ரீ அக்கா
தம்பி, புலி கேட்பது சரி. புதுக் கார்டின் தேதியைச் சொல்லுங்கள். அதைக் காட்டுவதா, பழைய கார்டையே வைத்துக்கொண்டு நேரடி விசாரணை கேட்பதா என்று அதன் பிறகுதான் சொல்ல முடியும்.