எஸ்பிளனேட் பூங்காப் போர் நினைவுச்சின்னம்: தமிழ் எழுத்து எந்தப் பக்கம்?

மரபுநடை:
உயர்நிலைப் பள்ளிப் பிள்ளைகள் முப்பது பேரைச் சிங்கப்பூர் எஸ்பிளனேட் பூங்காவுக்கு அழைத்துப் போகிறோம். ஒரு மணி நேரம்தான் இருக்கிறது. அங்குள்ள செனோடாஃப் என்ற போர் நினைவுச்சின்னம் முதல் உலகப் போருக்குக் கட்டியது என்கிறார்கள், ஆனால் அதில் 1939-1945 என்றும் இருக்கிறதாமே? தமிழில் பொறித்திருப்பது அதில்தானா? நேதாஜி அடிக்கல் நாட்டிய சின்னமும் அதுவும் ஒன்றா? குறிப்பேடு அச்சுக்குப் போகுமுன் தெரிந்தவர்கள் திருத்துங்கள்.

நடுகல்:
ஒன்றல்ல ஐயா. குறிப்பேட்டில் தனித்தனியாகவே போடுங்கள்.

செனோடாஃப் என்றால் உடல் இல்லாத கல்லறை. வீரன் புதைந்த இடத்தில்தான் நடுகல் நட வேண்டும் என்று நம் ஊரிலும் கட்டாயமில்லை. அதைச் சொன்னால் பிள்ளைகளுக்குச் சட்டென்று பிடிபடும். 1920 நவம்பர் 15-ல் ஆளுநர் கில்லமார்ட் அடிக்கல் நாட்டினார். பிரான்சின் முன்னாள் பிரதமர் கிளெமான்சோவும் உடனிருந்தார், கிளெமென்சோ அவென்யூ அவர் பெயர்தான். வடிவமைத்தவர் ஸ்வான் அண்ட் மெக்லாரன் நிறுவனத்தின் டெனிஸ் சான்ட்ரி. 1922 மார்ச் 31-ல் வேல்ஸ் இளவரசர் எட்வர்ட் திறந்து வைத்தார்.

முன்பக்கம் முதல் போருக்கு. ஏறிச்செல்லும் ஐந்து படிகளும் 1914 முதல் 1918 வரை ஆண்டுக்கு ஒன்று. வெண்கலப் பலகைகளில் 124 பெயர்கள், சிங்கப்பூரில் பிறந்த அல்லது வாழ்ந்த பிரிட்டிஷ் வீரர்கள். பின்பக்கம் இரண்டாம் போர் முடிந்தபின் சேர்த்தது. 'நாம் வாழ அவர்கள் மடிந்தார்கள்' என்ற பொருளில் ஆங்கிலம், மலாய், சீனம், தமிழ் நான்கிலும் இருக்கிறது, பெயர் ஒன்றுகூடக் கிடையாது. முன்பக்கம் படம் எடுத்துவிட்டுத் திரும்புகிறவர்களே அதிகம், தமிழைப் பார்க்காமலே போய்விடுகிறார்கள். பத்து நிமிடமாவது பின்பக்கத்துக்கு ஒதுக்குங்கள்.

காலாங்:
நேதாஜி விஷயம். 1945 ஜூலை 8-ல் இந்திய தேசிய ராணுவத்தின் மடிந்த வீரர்களுக்காக இதே கடலோரத்தில் அவர் அடிக்கல் நாட்டினார். அதில் பொறித்த மூன்று சொற்கள் இத்தஃபாக், இத்மாத், குர்பானி: ஒற்றுமை, நம்பிக்கை, தியாகம். செப்டம்பரில் பிரிட்டிஷ் படை சிங்கப்பூருக்குத் திரும்பி வந்ததும், நேச நாட்டுப் படைத் தலைவர் மவுண்ட்பேட்டன் உத்தரவில் இடித்துவிட்டார்கள். செனோடாஃபின் 1922 திறப்பு விழாவுக்கு இளவரசரோடு வந்தவரும் இதே மவுண்ட்பேட்டன்தான். இப்போது இருப்பது 1995-ல் மரபுடைமைக் கழகம் வைத்த அடையாளக் கல். அதைப் பழைய சின்னம் என்று எழுதிவிடாதீர்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து அந்தப் படையில் சேர்ந்த தமிழர்கள் ஏராளம், நின்று பேச வேண்டிய இடம் அது.

ஜப்பானியரை எதிர்த்துப் போராடிய லிம் போ செங்கின் நினைவுச்சின்னத்தையும் விடாதீர்கள். 1954 ஜூன் 29, அவர் சிறையில் இறந்த பத்தாம் ஆண்டு நாளில் திறந்தது. எண்கோணக் கோபுரம், நான்கு சிங்கங்கள். வரலாறு சொல்லும் நான்கு வெண்கலப் பலகைகளில் ஒன்று தமிழ். ஆகப் பூங்காவில் தமிழ் செனோடாஃபில் மட்டுமல்ல.

கல்வெட்டுப்பிரியன்:
இணையத்தில் படம் தேடினால் உயரமான நான்கு தூண்கள் வரும். அது பீச் ரோடு போர் நினைவுப் பூங்காவில் 1967 பிப்ரவரி 15-ல் திறந்த குடிமக்கள் நினைவுச்சின்னம், ஜப்பானிய ஆட்சியில் கொல்லப்பட்ட பொதுமக்களுக்கானது. அட்டைப்படத்தில் பலர் தவறுவது இங்கேதான்.

எழுத்தைப் படிக்க: உச்சி வெயிலில் வெட்டெழுத்தில் நிழல் விழாது, கல்லும் எழுத்தும் ஒன்றாய்த் தெரியும். மழையில் நனைந்த கிரானைட்டிலும் இதே தொல்லை. காலை அல்லது மாலை போங்கள். இல்லையென்றால் கைவிளக்கைக் கல்லை ஒட்டினாற்போல் பக்கவாட்டில் பிடித்தால் ஓரங்கள் எழும்பி நிற்கும். சாக்பீஸ், மாவு பூசவே கூடாது, தூள் கல்லின் நுண்துளைகளில் இறங்கிவிடும். காகிதம் வைத்துக் கரி தேய்ப்பதும் வேண்டாம். 2010 முதல் செனோடாஃப் தேசிய நினைவுச்சின்னம். 2013-ல் ஒருவர் இதில் சிவப்புச் சாயம் தெளித்து எழுதியதற்குச் சிறையும் பிரம்படியும் கிடைத்தது.

மரபுநடை:
மிக்க நன்றி. ஒரு மாணவியின் கொள்ளுத்தாத்தா பிரிட்டிஷ் இந்தியப் படையில் இருந்து 1942-ல் காணாமல் போனவராம். பெயர் இங்கே இருக்குமா?

நடுகல்:
இங்கே இருக்காது. கிராஞ்சி போர் நினைவிடத்துக்குப் போகச் சொல்லுங்கள். கல்லறை தெரியாத 24,000-க்கும் மேற்பட்டவர்களின் பெயர்கள் அங்கே சுவர்களில் உண்டு. காமன்வெல்த் போர்க் கல்லறைகள் ஆணையத்தின் இணையதளத்தில் முதலில் தேடட்டும். தமிழ்ப் பெயரை ஆங்கிலத்தில் பலவிதமாக எழுதியிருப்பார்கள், அதனால் படைப்பிரிவையும் படை எண்ணையும் வீட்டில் கேட்டு வைத்துக்கொள்வது நல்லது. சுவரிலும் பெயர்கள் படைப்பிரிவு வாரியாகத்தான் இருக்கின்றன.