கொரியாவில் மேக்பை: நற்சகுனப் பறவையின் கூட்டை ஏன் கலைக்கிறார்கள்?

சுவோன்வாசி:
பணி நிமித்தம் தென்கொரியாவின் சுவோன் நகரில் வசிக்கிறேன். இங்கு ‘கச்சி’ எனப்படும் மேக்பை காலையில் வீட்டருகே கத்தினால் நல்ல விருந்தினர் வருவார் என்று பெரியவர்கள் மகிழ்கிறார்கள். அதே பறவை மின்கம்பத்தில் கட்டிய கூட்டைப் பணியாளர்கள் பிரித்துப் போட்டபோது ஒருவரும் தடுக்கவில்லை. இந்த முரணுக்குக் காரணம் என்ன?

வால்காக்கை:
வெறும் சுள்ளிக் கூடென்றால் இவ்வளவு கவலை எழாது. மேக்பை துணி மாட்டும் கம்பி, கட்டுக்கம்பித் துண்டு முதலியவற்றையும் பொறுக்கி வந்து கூட்டில் செருகும். அவை மின்கம்பிகளின் மேல் பட்டாலோ, மழையில் சுள்ளிகள் நனைந்தாலோ, ஷார்ட் சர்க்யூட் ஏற்பட்டு மின்சாரம் தடைபடும். உட்புறம் சேற்றால் மெழுகி, மேலே கூரை வேய்ந்து, பக்கவாட்டில் வாசல் வைக்கும் பெரிய கூடு அது. கலைத்தாலும் அதே இடத்தில் மீண்டும் கட்டத் தொடங்கிவிடும். இப்பறவை அடர்காட்டை விரும்புவதில்லை. வயலோரம், பூங்கா, குடியிருப்பு என மனிதர் புழங்கும் திறந்தவெளியில் ஓங்கி நிற்கும் மரத்தையே நாடும். அத்தகைய மரங்கள் குறைந்த தெருவில் மின்கம்பம்தான் மிஞ்சுகிறது என்பதால், பறவையை மட்டும் குற்றஞ்சாட்டுவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

மலையருவி:
பழத்தோட்டக்காரர்களுக்கும் இதன் மேல் கோபம் உண்டு. பேரி, ஆப்பிள் பழங்களைக் கொத்திப் பாழாக்கிவிடுகிறது. ஜேஜு தீவில் முன்பு மேக்பையே கிடையாது. 1989இல் நல்லெண்ணத்தோடு கொண்டுவந்து விடப்பட்டவை பெருகி, இன்று அங்கே பெருந்தொல்லையாகிவிட்டன. ஆயினும் பற்று அற்றுவிடவில்லை. அறுவடையின்போது மரத்து உச்சியில் சில சீமைப்பனிச்சைப் பழங்களைப் பறிக்காமல் விட்டு, அவற்றைக் ‘கச்சிபாப்’, அதாவது மேக்பையின் சோறு, என்கிறார்கள். ஏழாம் மாதம் ஏழாம் நாளில் பிரிந்த காதலர் விண்ணில் சந்திக்க, காகங்களும் மேக்பைகளும் சேர்ந்து பாலமாகின்றன என்பது கதை. அதன்பின் அவற்றின் தலை வழுக்கையாகத் தெரிவது மிதிபட்டதால்தான் என்பார்கள். உண்மையில் அது இறகு உதிர்க்கும் பருவம்.

செங்கால்:
விருந்தை அறிவிக்கும் வேலையை நம்மிடம் காக்கை செய்கிறது. ‘விருந்து வரக் கரைந்த காக்கை’ என்று குறுந்தொகையில் பாடியவர் காக்கைபாடினியார் நச்செள்ளையார். மேக்பையும் காக்கைக் குடும்பத்தைச் சேர்ந்ததே.

சுவோன்வாசி:
விளக்கங்களுக்கு நன்றி. அடுத்த கம்பத்தில் மறுபடியும் சுள்ளி சேர்கிறது. என்ன செய்வது?

வால்காக்கை:
தாங்களே கோலால் தட்ட முயல வேண்டாம்; உயிருக்கே ஆபத்து. மின் நிறுவனத்தின் 123 என்ற எண்ணை அழைத்துக் கம்பத்தில் எழுதியுள்ள எண்ணைச் சொன்னால் போதும்.