வார்ஃப்ரேம்: கடைசிக் கோள் வரை முடித்தும் ஸ்டீல் பாத் திறக்கவில்லை, வழி சொல்லுங்கள்

கொடநாடு_குளிர் (இழையைத் தொடங்கியவர்):

அனைவருக்கும் வணக்கம். கோத்தகிரியிலிருந்து கொடநாடு செல்லும் சாலையோரச் சிற்றூர் ஒன்றில் இருந்துகொண்டு கணினியில் வார்ஃப்ரேம் விளையாடி வரும் கல்லூரி மாணவன் நான். தி வார் விதின் கதைப்பகுதியை முடித்துவிட்டதால் நாள்தோறும் மூன்று மிஷன்களாக வரும் சார்ட்டி எனக்குத் திறந்திருக்கிறது. செட்னா, எரிஸ் ஆகிய கடைசிக் கோள்களையும் எட்டிவிட்டேன். ஆனால் வீரர்கள் கூடும் ரிலே நிலையத்தில் டெஷின் என்னும் கதாபாத்திரத்தைச் சந்தித்தால், அதே வரைபடத்தைக் கடினமான எதிரிகளோடு மீண்டும் ஆடவிடும் ஸ்டீல் பாத் பற்றிய பேச்சையே அவர் எடுப்பதில்லை. நட்சத்திர வரைபடத்தில் வழக்கமான பாதைக்கும் ஸ்டீல் பாத்துக்கும் மாறுவதற்கான பொத்தானும் தோன்றவில்லை. ஆர்பிட்ரேஷன் என்னும் கடினமான மிஷன் வகையும் பூட்டியே இருப்பதால், இரண்டுக்கும் காரணம் ஒன்றாகத்தான் இருக்க வேண்டும் என்று கருதுகிறேன்.

இணைய இணைப்பைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊருக்குக் கம்பிவழி இணைப்பு வரவில்லை. கைப்பேசியின் ஹாட்ஸ்பாட்டில்தான் விளையாடுகிறேன். ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் மரம் சாய்ந்து மின்கம்பி அறுந்தால் கோபுரத்தின் அலைவரிசையும் சேர்ந்து தடுமாறுகிறது. பொது அணிகளில் சேரும்போது பிங் (இணைப்பின் தாமதம்) ஏறுவதும், ஆட்டத்தை நடத்தும் கணினியான ஹோஸ்ட் மாறும் நேரத்தில் நான் வெளியே தள்ளப்படுவதும் அடிக்கடி நடக்கின்றன. என்ன விடுபட்டிருக்கிறது என்பதை எப்படிக் கண்டுபிடிப்பது, இந்த இணைப்பை வைத்துக்கொண்டே மீதியை முடிக்க இயலுமா, திறந்த பிறகு என் துப்பாக்கி அங்கே தாக்குப்பிடிக்குமா என்பவற்றை அனுபவமுள்ளவர்கள் விளக்கினால் பெரிய உதவியாக இருக்கும்.

குன்னூர்_ரயிலடி:

ஸ்டீல் பாத் 2020 ஜூலையில் சேர்க்கப்பட்ட நாளிலிருந்து அதற்கான முதன்மை நிபந்தனை ஒன்றுதான்: நட்சத்திர வரைபடத்தில் உள்ள முனைகளை, அதாவது மிஷன் இடங்களை, எல்லாம் முடித்துவிட்டு, ஏதாவது ஒரு ரிலேயில் டெஷினிடம் பேச வேண்டும். கடைசிக் கோளை எட்டுவது வேறு, வரைபடத்தை முடிப்பது வேறு என்பதை இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். ஒரு கோளிலிருந்து அடுத்த கோளுக்குப் போக இடையிலுள்ள ஜங்ஷன் என்னும் வாயில் கேட்கும் பணிகளை நிறைவேற்றினால் போதும் என்பதால், கதையின் போக்கிலேயே ஓடி வருபவர்களுக்கு ஒவ்வொரு கோளின் ஓரத்திலும் சில முனைகள் தொடப்படாமலே தங்கிவிடுகின்றன. சார்ட்டிக்கு இந்த நிபந்தனை இல்லாததால்தான் அது உங்களுக்கு முன்பே திறந்துவிட்டது.

முடியாத முனைகள் வரைபடத்தில் துடித்துக்கொண்டே இருக்கும். பூமியில் தொடங்கி வீனஸ், மெர்குரி, மார்ஸ் என்று வரிசையாக ஒவ்வொரு கோளையும் பெரிதாக்கிப் பாருங்கள். ஃபோபோஸ், சீரஸ், யூரோப்பா ஆகியவற்றையும், வாய்ட், லுவா, குவா கோட்டை, டெய்மோஸ் ஆகிய தனிப் பகுதிகளையும் விட்டுவிட வேண்டாம். கோள்களுக்கு நடுவே இருக்கும் ஜங்ஷன்களும் முடிந்திருக்கின்றனவா என்று பார்த்துவிடுங்கள். நண்பர் ஒருவர் அழைத்துச் சென்ற மிஷன் வழியாக முன்னால் தாண்டிப் போயிருந்தால், இடையில் ஒரு ஜங்ஷன் நின்றுபோயிருக்க வாய்ப்புண்டு. என் அனுபவத்தில் அதிகம் பேர் விடுவது ஆர்ச்விங் முனைகளைத்தான். சண்டை விண்வெளியில் நடப்பதால் அதற்கென்று தனி ஆயுதம், தனி மாட் அட்டைகள் (ஆற்றலைக் கூட்டச் செருகுபவை) என்று எல்லாமே வேறு. அதனால் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று பலரும் ஒதுக்கிவைத்துவிடுகிறார்கள்.

கொடநாடு_குளிர்:

மிக்க நன்றி, அண்ணா. நீங்கள் சொன்னபடி ஒவ்வொரு கோளாகப் பார்த்ததில் துடிக்கும் முனைகள் கிடைத்தன. நெப்டியூனில் சலேசியா, யுரேனஸில் கேலஸ் ஆகிய இரண்டும் ஆர்ச்விங் மிஷன்கள். மூன்றாவதாக சீரஸில் கேபி என்னும் சர்வைவல் முனையும் துடிக்கிறது. கேபியில் நான் ஓர் அணியோடு ஆடி, குறிப்பிட்ட நேரத்தைத் தாண்டியும் நின்றது நன்றாக நினைவிருக்கிறது. வெளியேறும் இடத்தை நோக்கி ஓடும்போதுதான் ஹோஸ்ட் விலகிப்போய், எனக்கும் இணைப்பு அறுந்தது. அதனால்தான் அது கணக்கில் ஏறவில்லையா?

பண்ணைக்காடு_மலைவாழை:

ஆமாம் தம்பி, காரணம் அதுதான். நானும் பழனி மலையின் கீழ்ப்பகுதியில் இதே போன்ற இணைப்பில் விளையாடுகிறவன் என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

வார்ஃப்ரேமில் மிஷன்கள் பொதுவான ஒரு சர்வரில் ஓடுவதில்லை. அணியில் உள்ள ஒருவருடைய கணினியே ஹோஸ்டாக இருந்து எதிரிகளை இயக்குகிறது, மற்றவர்கள் அந்தக் கணினியோடு நேரடியாக இணைகிறார்கள். ஆகவே ஹோஸ்ட் விலகினால் மிஷன் இன்னொருவர் கணினிக்கு இடம்பெயர வேண்டும், அந்தச் சில நொடிகளில் இணைப்பு வலுவில்லாதவர்தான் முதலில் விடுபடுகிறார். சர்வைவல் போன்ற முடிவற்ற மிஷன்களில் முதல் பரிசு வரும் அளவுக்கு, அதாவது 5 நிமிடம், தாக்குப்பிடிப்பது மட்டும் போதாது. அதன் பிறகு வெளியேறும் இடத்தை அடைந்து மிஷனை முடித்தால்தான் முனை முடிந்ததாகப் பதிவாகும். நீங்கள் அந்தக் கடைசி ஓட்டத்தில் அறுபட்டிருக்கிறீர்கள்.

இதற்கு நான் கண்ட வழி, வரைபடத்தை நிரப்பும் வேலை முழுவதையும் சோலோ முறையில் செய்வதுதான். வரைபடத்தில் அணி சேர்க்கும் அமைப்பைப் பப்ளிக் என்பதிலிருந்து சோலோவுக்கு மாற்றிவிட்டால் ஹோஸ்ட் நீங்களே. எதிரிகள் உங்கள் கணினியிலேயே இயங்குவதால் பிங் ஏறினாலும் சுடுவதில் தாமதம் தெரியாது. சோலோவில் மெனுவைத் திறந்தால் ஆட்டம் நின்று காத்திருக்கும் என்பதும் மின்சாரம் கண்சிமிட்டும் ஊர்களில் உள்ளவர்களுக்குப் பெரிய வசதி. எதிரிகளின் எண்ணிக்கையும் ஒருவருக்கு ஏற்றபடி குறைவாகவே வரும். கேபியில் எதிரிகள் குறைந்தால் அவர்கள் விட்டுச்செல்லும் உயிர்காப்புக் காற்றும் குறையும் என்பது ஒன்றுதான் சிக்கல். அளவு பாதிக்குக் கீழே இறங்கும்போது அங்கங்கே விழும் கலன்களில் ஒன்றைத் திறந்துகொண்டால் 5 நிமிடம் எளிதாகக் கடந்துவிடும்.

அணியோடு ஆட விரும்பும் நாள்களுக்கும் ஒரு குறிப்பு. இந்த ஆட்டம் வழக்கமாக யூடிபி 4950, 4955 ஆகிய போர்ட்களைப் பயன்படுத்துகிறது. வீட்டில் ரௌட்டர் வைத்திருப்பவர்கள் அவற்றைத் திறந்துவிட்டோ, போர்ட்களைத் தானாகத் திறக்கும் யூபிஎன்பி வசதியை இயக்கியோ, வெளியிலிருந்து வரும் இணைப்பை ரௌட்டர் தடுக்கும் ஸ்ட்ரிக்ட் நாட் சிக்கலைத் தீர்த்துக்கொள்ளலாம். கைப்பேசி இணைப்பில் பெரும்பாலும் பல வாடிக்கையாளர்கள் ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைக்கப்படுவதால், உங்கள் கணினியில் எந்தப் போர்ட்டைத் திறந்தாலும் வெளியிலிருந்து வருபவர் அதை எட்ட முடியாது. ஆகவே அமைப்புகளைத் திரும்பத் திரும்ப மாற்றிப் பார்ப்பதில் உங்கள் மாலை நேரத்தைச் செலவிட வேண்டாம். அணி சேர்க்கும் பிங் வரம்பை மட்டும் குறைத்து வையுங்கள். தொலைவிலுள்ள ஹோஸ்ட்களோடு சேர்க்கப்படாமல் இருப்பதே அலைச்சலைப் பெருமளவு குறைத்துவிடும்.

கூடலூர்_சாரல்:

மேலே சொன்னது அனைத்தும் சரி. ஆர்ச்விங் மிஷன்கள் இரண்டைப் பற்றி மட்டும் நான் சேர்க்கிறேன், ஏனெனில் சோலோவில் கடினமாக இருப்பது கேபி அன்று, கேலஸ்தான்.

முதலில் சலேசியாவை முடியுங்கள். அது மொபைல் டிஃபென்ஸ் வகை என்பதால், சொல்லப்படும் கருவிகளை அவற்றின் நேரம் முடியும்வரை காத்தால் போதும். அங்கேயே உங்கள் ஒடோனேட்டா என்னும் பறக்கும் இறக்கையும் இம்பரேட்டர் துப்பாக்கியும் நல்ல அளவுக்கு நிலை ஏறிவிடும். ஆர்ச்விங் கதைப்பகுதியில் கிடைத்த அந்தத் துப்பாக்கியில் மாட் அட்டை எதுவும் செருகாமலே பலர் கேலஸுக்குள் போய்த் தோற்கிறார்கள். சாதாரணத் துப்பாக்கிக்கான அட்டைகள் அதில் சேரா. ரூபிடோ-லைன்ட் பேரல் என்னும் அட்டை உங்களிடம் இருந்தால், அட்டைகளை உயர்த்தப் பயன்படும் எண்டோவை முதலில் அதற்கே செலவிடுங்கள்.

கேலஸ் என்பது இன்டர்செப்ஷன். நான்கு இடங்களைக் கைப்பற்றி, எதிரி 100 விழுக்காட்டை எட்டுவதற்கு முன்பாக நாம் எட்ட வேண்டும். நான்கையும் பிடிக்க ஒருவராக ஓடினால் எப்போதும் ஒன்று கைவிட்டுப் போய்க்கொண்டே இருக்கும். ஒன்றுக்கொன்று அருகிலுள்ள மூன்றைத் தேர்ந்தெடுத்து, அவற்றுக்கு நடுவே நின்று, எதிரி எந்த இடத்தை எடுக்க வருகிறானோ அவனை மட்டும் வீழ்த்துங்கள். நான்காவதை எதிரிக்கே விட்டுவிடலாம். மூன்று இடங்கள் நம் கையில் தொடர்ந்து இருந்தால் நம் கணக்கு எதிரியின் கணக்கைவிட வேகமாக ஏறும். முதல் சுற்று முடிந்ததும் எஞ்சிய எதிரிகளை ஒழித்துவிட்டு, தொடர்வதா வெளியேறுவதா என்று கேட்கும்போது வெளியேறுவதைத் தேர்ந்தெடுங்கள். ஒரு சுற்றே போதும்.

கொடநாடு_குளிர்:

மூன்று முனைகளும் முடிந்துவிட்டன. கேலஸில் மூன்று இடங்களை மட்டும் காப்பது என்ற யோசனை இல்லாமல் இருந்தால் நிச்சயம் முடித்திருக்க மாட்டேன். பிறகு ரிலேக்குச் சென்று டெஷினிடம் பேசியதும் ஸ்டீல் பாத் திறந்தது. வரைபடத்தில் மாற்றும் பொத்தானும் வந்துவிட்டது, ஆர்பிட்ரேஷனும் தெரிகிறது. உங்கள் அனைவருக்கும் மனமார்ந்த நன்றி.

இப்போது மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். ஸ்டீல் பாத்தில் பூமியின் ஈ பிரைம் முனைக்குள் நுழைந்தேன். கவசம் அணிந்த கிரினியர் என்னும் எதிரிப் படையின் வீரன் ஒருவனை வீழ்த்துவதற்கே என் துப்பாக்கியின் குண்டுகள் பெரும்பாலும் தீர்ந்துபோகின்றன. புதிய துப்பாக்கி தேவைப்படுகிறதா, அல்லது இருப்பதையே மேம்படுத்த முடியுமா?

பண்ணைக்காடு_மலைவாழை:

வாழ்த்துகள் தம்பி. புதிய துப்பாக்கியைத் தேடி அலைய வேண்டாம். ஈ பிரைமில் வழக்கமாக 1 முதல் 3 வரை நிலையுள்ள எதிரிகள் வருவார்கள். ஸ்டீல் பாத்தில் எல்லா எதிரிகளுக்கும் 100 நிலைகள் கூட்டப்படுவதால் அதே இடத்தில் 101 முதல் 103 வரை வருகிறார்கள், உயிர்நிலையும் பெருக்கப்படுகிறது. வரைபடத்தின் தொடக்க முனையே கடைசிக் கோளைவிடக் கடினமாக இருப்பது இதனால்தான். முழு வரைபடத்தையும் நுழைவுச்சீட்டாக வைத்தது நல்ல முடிவு என்பது என் உறுதியான கருத்து: அதை முடித்து வருபவர் கையில் தேவையான அட்டைகள் பெரும்பாலும் சேர்ந்திருக்கும்.

உங்கள் துப்பாக்கியில் ஒரோகின் கேட்டலிஸ்ட் வைக்கப்பட்டிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். அது இருந்தால் நிலை 30-இல் அட்டைகளுக்கான கொள்ளளவு 30-லிருந்து 60 ஆகும். அது இல்லாமல் எந்தத் துப்பாக்கியும் அங்கே நிற்காது. ரைஃபிள் என்றால் செரேஷன் அட்டையை முழுமையாக உயர்த்தி 165 விழுக்காடு கூடுதல் தாக்கத்தைப் பெறுங்கள், அடுத்து ஒரே சுடலில் கூடுதல் குண்டுகளைத் தரும் ஸ்ப்ளிட் சேம்பரையும் அவ்வாறே உயர்த்துங்கள்.

அதன் பிறகு தனிமத் தாக்குதல் வகைகளைக் கவனியுங்கள். 2024 ஜூன் மாதம் வந்த புதுப்பிப்பிலிருந்து எதிரிகளின் கவசம் 2700 என்ற அளவோடு நிறுத்தப்பட்டிருக்கிறது. அந்த அளவில் அது நம் தாக்குதலில் 90 விழுக்காட்டைத் தடுத்துவிடும். ஆகவே கவசத்தை அகற்றாமல் சுடும்போது பத்தில் ஒரு பங்குதான் உள்ளே போகிறது. டாக்சின் அட்டையையும் எலக்ட்ரிசிட்டி அட்டையையும் அடுத்தடுத்துச் செருகினால் கொரோசிவ் (அரிக்கும்) தாக்குதல் உண்டாகும். கிரினியர் படைக்கு அது 50 விழுக்காடு கூடுதலாக வலிப்பதோடு, அதன் விளைவு பத்து அடுக்குகள் சேர்ந்தால் கவசத்தில் 80 விழுக்காடு கரைந்துவிடும். கார்பஸ் எதிரிகளுக்கு மேக்னெட்டிக், இன்ஃபெஸ்டட் கூட்டத்துக்கு ஹீட் என்று மாற்றிக்கொள்ளுங்கள். மூன்று அமைப்புகளை முன்கூட்டியே சேமித்து வைத்தால் மிஷனுக்கு மிஷன் அட்டைகளைக் கழற்றி மாட்ட வேண்டியதில்லை.

கூடலூர்_சாரல்:

தற்காப்புக்கு ஆர்பிட்ரேஷனையே பயன்படுத்திக்கொள்ளுங்கள். ஒரே வகைத் தாக்குதலைத் தொடர்ந்து வாங்கும்போது 90 விழுக்காடு வரை எதிர்ப்பைக் கூட்டித் தரும் அடாப்டேஷன் அட்டை அங்கேதான் கிடைக்கிறது. ஆனால் அங்கே சோலோவில் விழுந்தால் மீண்டும் எழ முடியாது, ஆகவே இணைப்பும் மின்சாரமும் சீராக இருக்கும் நாளாகப் பார்த்துச் செல்லுங்கள். ரெவெனன்ட் என்னும் போர் உருவம் (இதையும் வார்ஃப்ரேம் என்றே சொல்வார்கள்) உங்களிடம் இருந்தால், தாக்குதலைத் தடுக்கும் மெஸ்மர் ஸ்கின் திறனோடு அதையே எடுத்துச் செல்வது நல்லது.

குன்னூர்_ரயிலடி:

மழை நாள்களில் ஸ்டீல் பாத்தின் கேப்சர், எக்ஸ்டெர்மினேட் முனைகளை முடித்துவைத்துக்கொள்ளுங்கள். அவை சில நிமிடங்களில் முடிந்துவிடுவதால் இடையில் மின்சாரம் போனாலும் இழப்பு சிறிது. சர்வைவல் போன்ற நீண்ட மிஷன்களை வானம் வெளுத்திருக்கும் மாலைகளுக்கு ஒதுக்குங்கள், ஏனெனில் டெஷினின் கடையில் செலவிடும் ஸ்டீல் எசன்ஸைத் தரும் அகோலைட்டுகள் என்னும் சிறப்பு எதிரிகள் ஆட்டம் சிறிது நேரம் நீடித்த பிறகே வருவார்கள். சேரும் எசன்ஸைக் கண்ட பொருளுக்கும் செலவிடாதீர்கள். டெஷினின் கடையில் வாரந்தோறும் மாறும் பொருள்களின் எட்டு வாரச் சுற்றில் அட்டை செருகும் இடத்தை மேம்படுத்தும் அம்ப்ரா ஃபார்மா ஒரு முறை 150 எசன்ஸுக்கு வரும். அந்த வாரம் கையில் 150 இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.