கலைச்சொல் விவாதம்: 'டெலிவரபிலிட்டி' — சேர்திறனா, சேர்தகவா?

மடல் 1 — இரா.

அன்பர்களுக்கு வணக்கம்.

முன்பின் அறியாத தளத்தாருக்கு மடல் எழுதி, அவர்கள் பக்கத்திலிருந்து நம் பக்கத்துக்கு ஒரு லிங்க் கேட்பவர்களுக்கான வழிகாட்டி ஒன்று தமிழாகிக்கொண்டிருக்கிறது. அதில் 'டெலிவரபிலிட்டி' (அனுப்பிய மடல் உரியவரின் பெட்டியில் போய்ச் சேரும் வாய்ப்பு) என்ற சொல் முப்பது இடத்துக்கு மேல் வருகிறது. வரைவில் இப்போதைக்கு 'விநியோகத் திறன்' என்று இருக்கிறது. கீழே உள்ள வரியைப் பாருங்கள்:

> உங்கள் விநியோகம் 98 விழுக்காடாக இருந்தாலும் விநியோகத் திறன் மோசமாக இருக்கலாம்.

மூலத்தில் இது தெளிவான வாக்கியம். தமிழில் படிப்பவர் பிதற்றல் என்று தாண்டிப் போய்விடுவார். 'விநியோகம்' என்றாலே ஊருக்கெல்லாம் பிரித்துக் கொடுப்பது என்ற வாடை வேறு. ஒரே ஆளுக்குப் போகும் மடலுக்கு அது ஒட்டவில்லை. வேறு என்ன சொல்லலாம்?

— இரா.

மடல் 2 — செ.

இரா. அவர்களுக்கு,

சொல்லைத் தேடுமுன் எத்தனை பொருள் இருக்கிறது என்று எண்ணிக்கொள்வோம். மூன்று இருக்கின்றன. ஆங்கிலத்திலேயே பலர் மூன்றையும் ஒன்றாகப் போட்டுக் குழப்புகிறார்கள்.

முதலாவது, அனுப்புதல். இதில் சிக்கல் இல்லை.

இரண்டாவது, பெறும் சேவையகம் மடலை வாங்கிக்கொள்வது. அதற்கு அடையாளம் 250 என்ற மறுமொழி எண். 4-இல் தொடங்கும் எண் வந்தால் 'இப்போது முடியாது, பிறகு வா' என்று பொருள். அனுப்பும் சேவையகம் தானே மறுபடி முயலும். 5-இல் தொடங்கினால் கதவு சாத்தியாயிற்று. 550 5.1.1 என்றால் அப்படி ஒரு முகவரியே இல்லை. 5.7 என்று தொடங்கும் விரிவெண் வந்தால் முகவரி சரிதான், உங்கள் மடலை வாங்குவதில்லை என்று அவர்கள் முடிவெடுத்திருக்கிறார்கள். இந்த இரண்டையும் ஒரே 'பவுன்ஸ்' (திரும்பி வந்த மடல்) கணக்கில் போடுவது பெரிய தவறு. முன்னதற்குப் பட்டியலைத் துப்புரவாக்க வேண்டும். பின்னதற்கு அனுப்புவதையே அன்றைக்கு நிறுத்த வேண்டும்.

மூன்றாவது, வாங்கிக்கொண்ட பிறகு மடலை எங்கே வைக்கிறார்கள் என்பது. முதன்மைப் பெட்டியிலா, விளம்பரத் தட்டிலா, எரிதப் (ஸ்பாம்) பெட்டியிலா? இதைப் பெறும் சேவையகம் யாருக்கும் திருப்பிச் சொல்வதில்லை. எரிதப் பெட்டிக்குப் போன மடலுக்கும் 250தான் வரும். உங்கள் வாக்கியத்தில் உள்ள 98 விழுக்காடு இரண்டாவதன் கணக்கு. மோசமாக இருப்பது மூன்றாவது.

தபால்துறையில் 'பட்டுவாடா' என்று ஒரு சொல் உண்டு. வீட்டு வாசலில் கொடுத்துவிட்டு வருவது. இரண்டாவதற்கு அது அழகாகப் பொருந்தும். வீட்டுக்காரர் அதைப் படித்தாரா, அடுப்பில் போட்டாரா என்பது பட்டுவாடாவில் அடங்காது.

— செ.

மடல் 3 — ம.

> இரண்டாவதற்கு அது அழகாகப் பொருந்தும்

பட்டுவாடா எனக்கும் பிடித்த சொல். ஆனால் அங்கே தபால்காரர்தான் எழுவாய். இங்கே முடிவெடுப்பது வாங்குகிறவர். ஆகவே 'ஏற்பு' என்றே வைக்கலாம்: ஏற்பு, மறுப்பு, ஏற்பு வீதம். மூன்றாவது 'சேர்வு', தெளிவு வேண்டும் இடத்தில் 'பெட்டிச் சேர்வு'.

இனி தலைச்சொல். 'சேர்திறன்' என்று சிலர் எழுதத் தொடங்கியிருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. திறன் என்றால் அது மடலிடமோ அனுப்புகிறவரிடமோ இருக்கும் ஆற்றல் என்று ஆகிவிடுகிறது. அப்படி எண்ணுகிறவர்தான் தலைப்பில் 'இலவசம்' என்ற சொல்லை எடுத்துவிட்டால் சரியாகிவிடும் என்று மடலையே திருத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார். உண்மையில் பெறும் பக்கம் எடை போடுவது அனுப்பும் டொமைனின் (மடல் முகவரியில் @ குறிக்குப் பின் வரும் பெயரின்) நடத்தையை. இதற்கு முன் இவர் அனுப்பிய மடல்களை எத்தனை பேர் எரிதம் என்று குறித்தார்கள், எத்தனை பேர் பதில் எழுதினார்கள், இல்லாத முகவரிகளுக்கு எத்தனை அனுப்பினார், கையொப்பம் சரியா என்றெல்லாம் பார்த்து ஒரு வாய்ப்பளவைப் போடுகிறார்கள்.

பாடநூலில் 'நிகழ்தகவு' நெடுங்காலமாக இருக்கிறது. அதே அச்சில் 'சேர்தகவு'. தகவு என்றால் தகுதியும் ஆயிற்று, நிகழ்தகவின் தொடர்பால் வாய்ப்பளவும் ஆயிற்று. இங்கே இரண்டும் வேண்டும்.

> உங்கள் மடல்களின் ஏற்பு 98 விழுக்காடாக இருந்தாலும் சேர்தகவு குறைவாக இருக்கலாம்.

இப்போது பிதற்றலாகத் தெரிகிறதா?

— ம.

மடல் 4 — இரா.

பிதற்றலாகத் தெரியவில்லை. ஆனாலும் ஒரு ஐயம். 'சேர்தகவு' என்று தனியாகப் பார்த்தால் கல்லூரியில் சேரும் தகுதி என்று யாராவது எடுத்துக்கொள்ள மாட்டார்களா? முதலில் வரும் இடத்தில் மட்டும் 'மடல் சேர்தகவு' என்று விரித்து எழுதிவிட்டால் போதும் என்று தோன்றுகிறது.

இன்னும் மூன்று சொற்கள் தொங்கிக்கொண்டிருக்கின்றன: 'கோல்டு இமெயில்' (முன்பின் அறியாதவருக்கு எழுதும் மடல்), 'பேக்லிங்க்' (பிற தளத்திலிருந்து நம் பக்கத்துக்கு வரும் லிங்க்), 'வார்ம் அப்' (புது டொமைனிலிருந்து அனுப்பும் அளவை மெல்லக் கூட்டுவது). வரைவில் முறையே குளிர் மின்னஞ்சல், பின்னிணைப்பு, சூடேற்றல். எனக்கே கூச்சமாக இருக்கிறது.

— இரா.

மடல் 5 — செ.

கூச்சம் நியாயமானதே.

'பின்னிணைப்பு' கூடவே கூடாது. நூலின் கடைசியில் வருவது அது. 'இணைப்பு' என்று சுருக்கினாலும் மடல் உலகில் அது கோப்பைச் சேர்த்தனுப்புவதைக் குறிக்கும். "முதல் மடலில் இணைப்பு வேண்டாம்" என்று எழுதினால் எதை வேண்டாம் என்கிறீர்கள்? (இரண்டுமே வேண்டாம் என்பது தனிக்கதை.) 'தொடுப்பு' என்று சிலர் எழுதுகிறார்கள். பேச்சு வழக்கில் அதற்கு என்ன பொருள் என்று அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை போலும். "உங்கள் தளத்தோடு தொடுப்பு வைத்துக்கொள்ள விரும்புகிறோம்" என்று மடல் போனால் எரிதப் பொத்தானை அழுத்துகிறவரைக் குறை சொல்ல முடியாது. 'சுட்டி' என் தேர்வு. மவுசுக்கும் அதே பெயர் உண்டுதான், ஆனால் இந்தச் சூழலில் யாரும் குழம்ப மாட்டார்கள். பேக்லிங்க் 'உள்வரு சுட்டி'.

குளிர் மின்னஞ்சலுக்கு 'முகமறியா மடல்'. 'மொட்டைக் கடிதம்' என்று கிண்டலாக ஒருவர் சொன்னார். அது பெயரில்லாமல் வருவது. இது பெயரோடும் முகவரியோடும் வர வேண்டியது. வேறுபாடு முக்கியம். அனுப்புகிறவர் யார், எந்தப் பக்கத்தைப் படித்துவிட்டு எழுதுகிறார், என்ன கேட்கிறார் என்ற மூன்றும் முதல் நான்கு வரிக்குள் தெரியவில்லை என்றால் அது மொட்டைக் கடிதம்தான்.

சொல்லோடு நடைமுறையும் ஒட்டிக்கொள்வதால், வழிகாட்டியின் அந்த அத்தியாயத்துக்கு என் குறிப்புகள்:

முதல் மடல் வெறும் எழுத்தாக, நூறு சொல்லுக்குள் இருக்கட்டும். படம், கோப்பு, சுருக்குச் சுட்டி (நீண்ட முகவரியைச் சுருக்கித் தரும் சேவையின் லிங்க்) எதுவும் கூடாது. சுருக்குச் சுட்டியின் டொமைனைக் கயவர்களும் பயன்படுத்துவார்கள்; அவர்கள் பாவம் நம் தலையில் விழும். அனுப்பு கருவிகள் தாமாகச் செருகும் கிளிக் கண்காணிப்புச் சுட்டிக்கும் இதே கதி. மடல் திறக்கப்பட்டதா என்று கண்காணிக்க அதில் ஒளித்துவைக்கும் சிறு படத்தை, அதாவது படப்புள்ளியை, அணைத்துவிடுங்கள். 2021-இல் ஆப்பிள் தன் மெயில் செயலியில் கொண்டுவந்த தனியுரிமைக் காப்பு, ஆள் திறக்காவிட்டாலும் படங்களை முன்கூட்டியே இறக்கிவிடுகிறது. ஆக அந்தத் 'திறப்பு வீதம்' நம்பத் தக்கதல்ல. பதில் வீதத்தை மட்டும் பாருங்கள்.

நினைவூட்டல் ஒன்று, மிஞ்சிப்போனால் இரண்டு. நான்கைந்து நாள் இடைவெளியில், அதே மடல் இழையில். அதற்கு மேல் போனால் அது பழைய 'மடலேறுதல்' ஆகிவிடும். பனைமடல் குதிரையில் ஏறித் தெருவில் நின்றவருக்காவது சில நேரம் பலித்தது.

கேட்பது எது என்பதும் சேர்தகவில் சேரும். அவர்கள் பக்கத்தில் செத்துப்போன ஒரு சுட்டியைக் காட்டி, அதற்கு ஈடான பக்கம் இங்கே இருக்கிறது என்று சொல்லும் மடலுக்குப் பதில் வரும். "பணம் தருகிறோம், சுட்டி தாருங்கள்" என்பதை எரிதமாகக் குறிப்பார்கள். போதாக்குறைக்கு, தேடல் தரவரிசைக்காகச் சுட்டியை விலைக்கு வாங்குவது கூகுளின் எரிதக் கொள்கைக்கு எதிரானது. காசு கைமாறினால் அந்தச் சுட்டியில் 'ஸ்பான்சர்ட்' அல்லது 'நோஃபாலோ' என்ற அடையாளம் வைக்க வேண்டும். முன்னது 2019-இல் வந்த ஏற்பாடு.

— செ.

மடல் 6 — ம.

'முகமறியா மடல்' அருமை. வாக்கெடுப்பே வேண்டாம்.

'வார்ம் அப்' பற்றி. சூடேற்றல் என்றால் ஒருமுறை சூடாக்கினால் போதும், பிறகு ஓடும் என்ற நினைப்பு வரும். நடப்பது வேறு. புதுக் காளையை ஏரில் பழக்குவதுபோல, புது டொமைனைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சுமைக்குப் பழக்குகிறோம். கூடவே பெறுகிறவர்களும் நம்மைப் பழகுகிறார்கள். ஆகவே 'பழக்கல்'.

எண்கள் வேண்டும் என்றால், ஒரு பாதுகாப்பான அளவு இது. புது டொமைனைப் பதிந்து இரண்டு மூன்று வாரம் சாதாரணக் கடிதப் போக்குவரத்துக்கு மட்டும் வையுங்கள். பிறகு ஒரு முகவரியிலிருந்து நாளுக்கு ஐந்து முதல் பத்து முகமறியா மடல். வாரந்தோறும் ஐந்து ஐந்தாகக் கூட்டி, முப்பது நாற்பதில் நின்றுவிடுங்கள். கூகுள் வொர்க்ஸ்பேஸ் கணக்கில் நாளுக்கு 2,000 மடல் அனுப்பலாம் என்பது கணக்கின் உச்சவரம்பு. அறியாதவர்களுக்கு அவ்வளவு அனுப்பலாம் என்று அதற்குப் பொருளில்லை. எழுதும் டொமைனும் முதன்மைத் தளத்தின் டொமைனும் வேறாக இருக்கட்டும். விலைச்சீட்டும் கடவுச்சொல் மடலும் போகும் டொமைனை இதில் அடகு வைக்கக் கூடாது. முகவரிகளை முன்கூட்டிச் சரிபார்த்து, திரும்பும் மடல் நூற்றுக்கு இரண்டைத் தாண்டினால் நிறுத்திவிட்டுப் பட்டியலைப் பாருங்கள். எந்த முகவரி கொடுத்தாலும் வாங்கிக்கொள்ளும் டொமைன்கள் சில உண்டு. அவற்றைச் சரிபார்ப்புக் கருவியால் உறுதி செய்ய முடியாது. அந்த டொமைன்களுக்குக் கடைசியில், கொஞ்சமாக எழுதுங்கள்.

இயந்திரங்கள் ஒன்றுக்கொன்று மடல் அனுப்பி, ஒன்றையொன்று எரிதப் பெட்டியிலிருந்து மீட்டுக்கொள்ளும் 'தானியங்கிப் பழக்கல்' சேவைகளை வழிகாட்டி பரிந்துரைக்கிறது. அந்தப் பத்தியை வெட்டிவிடலாம் என்பது என் கருத்து. ஏரில் பூட்டாமல் காளைக்குப் பொம்மை நுகத்தடி மாட்டுவது அது.

அடுத்து, அனுப்புகிறவரை மெய்ப்பிக்கும் ஏற்பாடுகள். எஸ்பிஎஃப் (இந்த டொமைன் பெயரில் எந்தச் சேவையகங்கள் அனுப்பலாம் என்ற பட்டியல்), டிகிம் (மடலில் இடும் கையொப்பம்), டிமார்க் (இவற்றில் ஒன்றாவது அனுப்புநர் டொமைனோடு பொருந்துகிறதா என்ற சோதனை) மூன்றையும் பெயராகவே விடலாம். ஆனால் 'அலைன்மென்ட்'டுக்குச் சொல் வேண்டும். அனுப்பு கருவி தன் டொமைனைத் திரும்பு முகவரியாகப் போட்டுக்கொள்ளும். எஸ்பிஎஃப் தேறிவிடும், ஆனால் அது தேறியது கருவியின் பெயருக்கு. 'அனுப்புநர்' வரியில் இருக்கும் நம் டொமைனோடு அது பொருந்தாததால், டிகிம் கையொப்பமும் நம் டொமைனில் இல்லை என்றால் டிமார்க் தோற்கும். இதற்குப் 'பெயர்ப் பொருத்தம்' என்றால் தமிழருக்கு விளக்கமே தேவையில்லை. இங்கேயும் பத்துக் கணக்கு உண்டு: எஸ்பிஎஃப் பதிவைச் சரிபார்க்கும்போது பத்து டிஎன்எஸ் (டொமைன்களின் பெயர்ப் பதிவேடு) தேடலுக்கு மேல் போனால் நிரந்தரப் பிழை. கருவிக்கு ஒன்றாகச் சேர்த்துக்கொண்டே போகிறவர்கள் இதில்தான் விழுகிறார்கள்.

கடைசியாக, வழிகாட்டியில் ஒரு பொருட்பிழை. "குறைதீர்ப்பு வீதம் 0.3 விழுக்காட்டுக்குக் கீழ் இருந்தால் கவலையில்லை" என்கிறது. முதலில், அது குறைதீர்ப்பு இல்லை, 'எரிதப் புகார் வீதம்'. இரண்டாவது, கூகுளும் யாகூவும் 2024 பிப்ரவரியில் நடைமுறைப்படுத்திய விதிகளில் 0.3 என்பது எட்டவே கூடாத கோடு; கூகுள் இருக்கச் சொல்வது 0.1-க்குக் கீழே. மூன்றாவதுதான் பொறி. கூகுளின் போஸ்ட்மாஸ்டர் கருவி இந்த வீதத்தைக் கணக்கிடுவது பெட்டியில் சேர்ந்த மடல்களை வைத்து. எரிதப் பெட்டிக்கே நேராகப் போன மடலை யாரும் புகார் செய்வதில்லை. ஆக, சேர்தகவு சரியச் சரியப் புகார் வீதமும் இறங்கி நல்ல பிள்ளை போல் நிற்கும். இரா. முதலில் காட்டிய குழப்பமேதான் இது, வேறு உருவத்தில். அத்துடன் நாளுக்கு நாற்பது மடல் அனுப்புகிறவருக்கு அந்தக் கருவி பெரும்பாலும் எண்ணையே காட்டாது, அளவு போதாது என்று.

— ம.

மடல் 7 — இரா.

இருவருக்கும் நன்றி. பத்தியை இப்படித் திருத்தியிருக்கிறேன்:

> முகமறியா மடல் அனுப்பத் தொடங்குமுன் பெயர்ப் பொருத்தத்தைச் சரிபாருங்கள். பழக்கல் காலத்தில் ஏற்பு வீதத்தையும் பதில் வீதத்தையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஏற்பு அப்படியே இருக்க, பதில் மட்டும் திடீரென்று நின்றால் மடல் சேர்தகவு குறைந்திருக்கக்கூடும். ஜிமெயில், யாகூ, அவுட்லுக் ஆகியவற்றில் நீங்களே வைத்திருக்கும் கணக்குகளுக்கு அதே மடலை அனுப்பி, எந்தப் பெட்டியில் விழுகிறது என்று கண்ணால் பாருங்கள். இந்தச் சேர்தகவு சோதனையில் எரிதப் பெட்டி என்று தெரிந்தால், அனுப்புவதை நிறுத்துங்கள்; அளவைக் கூட்டி ஈடுகட்ட முயலாதீர்கள். நிற்கச் சொன்னவருக்கு மறுபடி எழுதாதீர்கள்.

நாளுக்கு 5,000 மடலுக்கு மேல் அனுப்புவோருக்கான ஒற்றைச் சொடுக்கு விலகல் விதியை அடிக்குறிப்பாகத் தள்ளிவிட்டேன். முகமறியா மடலை அந்த அளவில் அனுப்புகிறவருக்கு நம் வழிகாட்டி உதவாது.

— இரா.

மடல் 8 — ம.

நன்று. ஒரே ஒரு திருத்தம்: 'சேர்தகவுச் சோதனை', ஒற்று மிகும், 'நிகழ்தகவுப் பரவல்' போல. ஆனால் 'சேர்த்தகவு' என்று யாரும் தட்டச்சிவிட வேண்டாம், வினைத்தொகையில் மிகாது.

— ம.